மூன்றாம் தரிப்பில் சொல்கிற கதை

கொட்டாஞ்சேனை, கொழும்பு 13
2025 பெப்ரவரி 11

திரு. மர்சூக் அவர்களுக்கு,

நான் ராஜலிங்கம். ‘பவர் கட்’ இசைக்குழுவில் நான்கு வருடம் உங்கள் முதுகைப் பார்த்துக்கொண்டு டிரம்ஸ் அடித்தவன். நமது பாடகன் டெக்ஸ்டரின் அஞ்சலிக் கூட்டத்தில் கடைசியாகச் சந்தித்தோம். அதற்கும் பதினான்கு வருடமாகிறது.

போனில் பேசலாம் என்று பார்த்தால் உங்களுக்குக் காது சுத்தமாகப் போய்விட்டது என்கிறார்கள். வட்ஸ்அப்பில் எழுதலாம் என்றால் என் போன் பாதி நேரம் மகள் கையில். ஆகவே கடிதம் எழுதி முத்திரை ஒட்டுகிறேன்.

நீங்கள் சனிக்கிழமை காலையில் ஆட்களைக் கூட்டிக்கொண்டு, எழுபது எண்பதுகளில் கண்டியில் ரொக் இசை வளர்ந்த இடங்களை நடந்து காட்டுகிறீர்களாம். நல்ல விஷயம். வந்தவர்களில் யாரோ அதை வீடியோ எடுத்துப் போட்டிருக்கிறார்கள். கொழும்பு வீதியில் உங்கள் வாப்பாவின் பழைய புடவைக்கடைக்கு முன்னால் நின்று பேசுகிறீர்கள். ‘எங்கள் டிரம்மர் ராஜலிங்கம் மடுல்கெல்லயில் தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டில் பிறந்தவன். அவனுடைய அப்பா தப்பு அடிக்கிறவர். விடியற்காலையில் ஆட்களை வேலைக்குப் பேர் கொடுக்கிற பெரட்டுக் களத்துக்குக் கூப்பிட அவர் அடித்த அடியைத்தான் எங்கள் ஒரே இசைத்தட்டின் தொடக்கத்தில் கேட்கிறீர்கள்’ என்று. கைதட்டல் வேறு.

மர்சூக், தப்பு யார் அடிப்பார்கள் என்று உனக்குத் தெரியாதா? வெள்ளைக்காரனுக்கு அது ஒரு மேளம். நம் ஆட்கள் காதில் விழுந்தால் அது சாதி. தெரியாமல் சொன்னாயா, தெரிந்தே சொன்னாயா?

என் மகள் சுகிர்தாவுக்கு வைகாசியில் கல்யாணம் வைத்திருக்கிறோம். மாப்பிள்ளை அஜந்தன், மாத்தளையில் வியாபாரக் குடும்பம். என் அப்பா தோட்டத்துக் கணக்கப்பிள்ளை என்றுதான் அவர்களிடம் சொல்லியிருக்கிறேன். அந்த வீடியோவை மாப்பிள்ளையின் தங்கை நிரஞ்சனி சுகிர்தாவுக்கு அனுப்பி, “இது ஒங்க அப்பாவா?” என்று கேட்டிருக்கிறாள். சுகிர்தா சிரித்துக்கொண்டே என்னிடம் காட்டினாள். “அது வேற ராஜலிங்கம்” என்றேன். அவள் நம்பினாளா என்று அவள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

அந்தக் கதையை இனிச் சொல்ல வேண்டாம். கெஞ்சிக் கேட்கிறேன். கல்யாணம் நின்றால் என்னால் தாங்க முடியாது.

தங்கள் உண்மையுள்ள,
க. ராஜலிங்கம்


கண்டி
2025 பெப்ரவரி 19

ராஜ்,

‘திரு’ போட்டுத் தொடங்கி, நடுவில் ‘நீ’க்கு இறங்கி, ‘தங்கள் உண்மையுள்ள’ என்று முடித்திருக்கிறாய். உண்மையைப் பற்றி நீ கடைசியில் எழுதினதைப் பார்த்து எனக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. இரண்டுக்கும் இப்போது உடம்பில் தெம்பில்லை.

இடது காது முழுசாகப் போய்விட்டது. வலது காதில் பேருந்து ஹோன் மட்டும் கேட்கும். நாலு வருடம் எனக்குப் பின்னால் நீ சிம்பல் அடித்த பலன், வேறென்ன. முழங்காலும் சரியில்லை. வீட்டில் கதிரையில் கிடந்து ஊரைத் திட்டிக்கொண்டிருந்த என்னை வெளியே கிளப்ப, மருமகள் அனீஸா இந்த நடையை ஏற்பாடு செய்து இணையத்தில் போட்டுவிட்டாள். வாரம் ஆறு பேர் வருவார்கள். அதில் இரண்டு பேர் மழைக்கு ஒதுங்க வந்தவர்கள் போலத்தான் நிற்பார்கள்.

நின்று பேசுகிற இடங்கள் மொத்தம் நாலு தரிப்பு. மணிக்கூட்டுக் கோபுரத்தடியில் இசைத்தட்டுக் கடை இருந்த இடம், இப்போது போன் உறை விற்கிறார்கள். இரண்டாவது, வாவியோரத்தில் நாங்கள் போட்டியில் இரண்டாம் இடம் வந்த மண்டபம், இப்போது வாகனத் தரிப்பிடம். நாலாவது தேத்தண்ணிக் கடை. இல்லாத கடையையும் இல்லாத மண்டபத்தையும் விரலால் காட்டிக் காட்டி எனக்கே அலுத்துப்போய்விட்டது. எங்கள் கடைக்கு முன்னால், மூன்றாம் தரிப்பில் மட்டும்தான் ஆட்கள் போனைக் கீழே இறக்குவார்கள். ஏனென்றால் அங்கே நான் கேள்விப்பட்டதைச் சொல்வதில்லை, பார்த்ததைச் சொல்கிறேன்.

உன் அப்பா எங்கள் கடை மேல்மாடிக்கு ஏறி வந்தது எனக்கு நேற்று மாதிரி இருக்கிறது. நீ அந்தப் பாட்டின் தொடக்கத்தோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாய். அவர் கடைக்குச் சாரத் துணி வந்த அட்டைப்பெட்டியைக் கவிழ்த்துப்போட்டு, இரண்டு குச்சியை எடுத்து அடித்துக் காட்டினார். “அவசரப்படுற தம்பி. ஆளுக எந்திரிச்சு, வாயக் கொப்பளிச்சு, கம்பளியச் சுத்திக்கிட்டு வரணும்ல. அதுக்கு நேரம் குடு” என்றார். அப்படித்தான் அந்த இரண்டு அடிக்கு நடுவில் இருக்கிற இடைவெளி வந்தது. டெக்ஸ்டர் வாயைப் பிளந்துகொண்டு நின்றான்.

தெரியாமல் சொன்னேன் என்று நான் தப்பித்துக்கொள்ளப் போவதில்லை. அரைகுறையாகத் தெரியும். நாற்பது வருடமாகிவிட்டது, இப்போது யார் இதையெல்லாம் பார்க்கிறார்கள் என்று நினைத்தேன். உனக்குப் பெருமையாக இருக்கும் என்றும் நினைத்தேன். ஒருநாள் நீயே வந்து மூன்றாம் தரிப்பில் நிற்பாய் என்றுகூட ஆசை இருந்தது. பைத்தியக்காரன்தான் நான்.

சொல்லமாட்டேன். மகளின் கல்யாணம் நல்லபடி நடக்கட்டும். வீடியோவை எடுத்தவரிடம் கேட்டு அழிக்கப் பார்க்கிறேன் என்று அனீஸா சொல்கிறாள். ஆனால் உன் அப்பாவுக்குப் பதிலாக அங்கே நின்று நான் எதைச் சொல்வது? அதை நீயே எழுதி அனுப்பு.

மர்சூக்


கொட்டாஞ்சேனை
2025 மார்ச் 2

அன்பு மர்சூக்,

நன்றி. உன் கடிதம் கிடைத்தது.

பொலிஸ் பேண்டில் இருந்த ஒரு சார்ஜன் எனக்கு டிரம்ஸ் கற்றுக்கொடுத்தார் என்று சொல். கேட்பவர்கள் நம்புவார்கள்.

உனக்கு என் மேல் கோபம் இருக்கும். நான் சொல்வதையும் கொஞ்சம் கேள். எண்பத்து நாலில் கொழும்புக்கு வந்து வேலை தேடினேன். எங்கே போனாலும் முதல் கேள்வி “எந்த ஊர்?” மடுல்கெல்ல என்றால் இரண்டாவது கேள்வி “அப்பா தோட்டத்துல என்ன செய்றார்?” முதல் இரண்டு இடத்தில் உண்மையைச் சொன்னேன். மூன்றாவது இடத்தில் “கணக்கப்பிள்ளை” என்றேன். அந்தாள் எழுந்து எனக்குக் கதிரை இழுத்துப் போட்டார். கொழுந்து பறிக்கிறவர்களை மேய்த்துப் பேர் எழுதுகிற உத்தியோகத்துக்கு அவ்வளவு மரியாதை. அன்றைக்கு அந்தக் கதிரையில் உட்கார்ந்தவன் இன்னும் எழுந்திருக்கவில்லை. பெண் கேட்டுப் போன இடத்திலும் அதையே சொன்னேன். என் மனைவி நல்லம்மா சாகும்வரைக்கும் தான் கணக்கப்பிள்ளை வீட்டு மருமகள் என்றே நினைத்திருந்தாள்.

இப்போது கல்யாண அழைப்பிதழ் அடிக்கப் போகிறார்கள். நம் வழக்கம் உனக்குத் தெரியும். இன்னாரின் பேத்தி, இன்னாரின் மகள் என்று பாட்டன் பெயரில் இருந்து வரவேண்டும். மாப்பிள்ளையின் அம்மா கலாராணி போன் எடுத்து, “பாட்டனார் பேருக்கு முன்னுக்கு என்னா போடணும் சம்பந்தி?” என்று கேட்டார். ‘காலஞ்சென்ற கணக்கப்பிள்ளை’ என்று எழுதி அனுப்பியிருக்கிறேன். இதுவரை வாயால் சொன்ன பொய். இனித் தங்க எழுத்தில் ஐந்நூறு பிரதி.

சலிப்பாக இருக்கிறது மர்சூக். ஆனாலும் மகள் முகத்தைப் பார்த்தால் இந்தப் பொய்யையும் சுமந்துவிடலாம் என்றுதான் படுகிறது.

ராஜ்


கண்டி
2025 மார்ச் 17

ராஜ்,

நோன்புக் காலம். தொண்டை வறண்டுபோய் நடப்பதும் பேசுவதும் கஷ்டமாக இருக்கிறது. அதிலும் பொய் பேசுவதென்றால் இரட்டிப்புக் கஷ்டம்.

முந்தாநாள் உன் சார்ஜனைக் கொண்டுபோய் மூன்றாம் தரிப்பில் நிறுத்தினேன். யாரும் போனை இறக்கவில்லை. ஒரு பெண் கழிவறை எங்கே என்று சைகையில் கேட்டாள். சரி, நீ கேட்டபடி செய்துவிட்டேன் என்று அடுத்த தரிப்புக்குத் திரும்பினால், கூட்டத்தில் இருந்த ஒரு தம்பி மட்டும் நகராமல் நிற்கிறார். நல்ல உயரம், இஸ்திரி போட்ட சேர்ட். ஏதோ கேட்கிறார். எனக்குக் கேட்கவில்லை என்று காதைக் காட்டினேன். வழக்கமாக அதோடு தப்பித்துவிடலாம். இவர் விடவில்லை. போனில் பெரிய எழுத்தில் எழுதி என் மூக்குக்கு நேரே நீட்டினார். ‘போன மாசம் தப்பு என்று சொன்னீர்கள். இன்றைக்கு ஏன் பொலிஸ் பேண்ட்?’

யார் நீங்கள் என்று கேட்டேன். ‘அஜந்தன்’ என்று எழுதினார். நான் கடைப் படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டேன். அவரும் பக்கத்தில் உட்கார்ந்து, என் வலது காதோடு வாயை வைத்துப் பேசினார். அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். நீயும் எங்கேயாவது உட்கார்ந்துகொண்டு வாசி.

“அங்கிள், பயப்படாதீங்க. எங்க வீட்டுக்கு முந்தியே தெரியும். பொண்ணு பாக்க வாறதுக்கு முதல்லயே அம்மா மடுல்கெல்லக்கு ஆள் அனுப்பி விசாரிச்சிட்டாங்க. விசாரிக்காம யாரு சம்பந்தம் பேசுவா?”

“அப்ப ஏன் தம்பி ஒண்டும் சொல்லாம இருந்தீங்க?” என்று கேட்டேன்.

“பொண்ணு நல்ல பொண்ணு. படிச்சவங்க, பேங்க்ல வேலை. எனக்குப் பிடிச்சிருக்கு. வெளிய தெரியாம இருந்தாப் பரவால்லன்னு அம்மா சொல்லிட்டாங்க. மாமாவே கணக்கப்பிள்ளைன்னு சொன்னதும் எங்களுக்கும் வசதியாப் போச்சு. நீங்க இனிமே இப்பிடியே பொலிஸ் பேண்டுன்னே சொல்லுங்க. அத உறுதிப்படுத்திக்கிட்டுப் போகத்தான் வந்தேன்.”

கையைப் பிடித்து நன்றியும் சொன்னார். மரியாதையான பிள்ளை. ஒரு குறையும் சொல்ல முடியாது. அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

ஆக, நீ மறைத்ததை அவர்கள் அறிந்து, அறிந்ததை அவர்கள் மறைத்து, நடுவில் நான் ஒரு செவிடன் சனிக்கிழமை தோறும் காவல் நிற்கிறேன். கல்யாணம் நிற்காது, அல்ஹம்துலில்லாஹ். உனக்கு இது நல்ல செய்திதானே? எனக்கென்னவோ எழுதும்போது நல்ல செய்தி எழுதுகிற மாதிரி இல்லை.

மர்சூக்


கொட்டாஞ்சேனை
2025 மார்ச் 26

மர்சூக்,

உன் கடிதத்தைத் தபால்காரரிடம் வாங்கிக்கொண்டு வந்து கொடுத்ததே சுகிர்தாதான். “கண்டியில யாருப்பா இவ்வளவு எழுதுறது?” என்றாள். பழைய கூட்டாளி என்றேன். உறையின் பின்பக்கம் இருந்த விலாசத்தைக் கொஞ்சநேரம் பார்த்துக்கொண்டு நின்றாள்.

வாசித்ததும் முதலில் நிம்மதி வந்தது. மறைக்க மாட்டேன். கல்யாணம் நிற்காது என்ற வரியை மட்டும் நாலைந்து தரம் வாசித்தேன். பிறகு வெட்கம் வந்தது. இன்னும் போகவில்லை. கலாராணி அம்மா போனில் “பாட்டனார் பேருக்கு முன்னுக்கு என்னா போடணும்?” என்று கேட்டாரே, பதில் தெரிந்துகொண்டே கேட்டிருக்கிறார். நான் என்ன சொல்கிறேன் என்று காத்திருந்து கேட்டிருக்கிறார். நாற்பது வருடமாக நான் ஊரை ஏமாற்றுகிறேன் என்று நினைத்திருந்தேன். இன்னும் எத்தனை பேர் தெரிந்துகொண்டே கதிரை இழுத்துப் போட்டார்களோ.

நீ அப்பா மாடிக்கு வந்த நாளை எழுதினாய். அதற்கடுத்த மாதம் போட்டியன்று நடந்ததை எழுதாமல் விட்டாய். மறந்திருக்க மாட்டாய். எனக்காக விட்டிருக்கிறாய்.

மண்டபத்து வாசலில் நான் நடுவர்மாரோடும் பெரிய வீட்டுப் பிள்ளைகளோடும் நின்றிருந்தேன். அப்பா வெள்ளைவேட்டி கட்டி, தலைப்பாகை வைத்து, மூன்று பஸ் மாறி வந்திருந்தார். நேரே என்னைப் பார்த்து வந்தார். பக்கத்தில் நின்றவர் யார் இவர் என்று கேட்டார். “எங்க தோட்டத்து ஆள்” என்றேன். அப்பா அதைக் கேட்டார். உடனே தலைப்பாகையை அவிழ்த்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, “ஆமாங்க, தோட்டத்து ஆளுதான், தம்பிக்குச் சாமான் தூக்க வந்தேன்” என்றார். சொன்னபடியே டிரம்ஸ் பெட்டியைத் தூக்கி உள்ளே வைத்துவிட்டுப் போய்விட்டார். பாட்டுக் கேட்க நிற்கவில்லை. அதற்குப் பிறகு அவர் கண்டிக்கு வரவேயில்லை.

நீ அன்றைக்கு என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் அடிபிடியோடாவது அன்றைக்கே முடிந்திருக்கும். இப்போது அறுபத்தாறு வயதில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறேன்.

இனி என்ன செய்வதென்று தெரியவில்லை. அழைப்பிதழ் இன்னும் அச்சுக்குப் போகவில்லை. ஆனால் எதையும் மாற்றுகிற தெம்பு எனக்கில்லை.

ராஜ்


கண்டி
2025 ஏப்ரல் 7

ராஜ்,

உன் மகள் வந்திருந்தாள்.

சனிக்கிழமை காலை மணிக்கூட்டுக் கோபுரத்தடியில் ஆட்களை எண்ணும்போது, பின்வரிசையில் உன் நெற்றியோடு ஒரு பிள்ளை நிற்கிறது. யார் என்று கேட்கத் தேவையே இருக்கவில்லை. முதல் இரண்டு தரிப்பிலும் நான் என்ன உளறினேன் என்று எனக்கே தெரியாது. மூன்றாம் தரிப்பில் உனக்குக் கொடுத்த வாக்குப்படி சார்ஜனைச் சொன்னேன். அவள் என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். கூட்டத்தைத் தேத்தண்ணிக் கடைக்கு அனுப்பிவிட்டுத் திரும்பினால் அவள் அப்படியே நிற்கிறாள்.

“அங்கிள், அப்பாப்பா எந்த எடத்துல ஒக்காந்தாரு?” என்று கேட்டாள். சத்தம் போட்டு, உதட்டை நன்றாக அசைத்துக் கேட்டாள், எனக்குப் புரியவேண்டும் என்று.

நான் “எந்த அப்பாப்பா மகள்?” என்று மழுப்பினேன்.

“வேணாம் அங்கிள். எனக்குப் பத்து வயசுல இருந்து சந்தேகம். கணக்கப்பிள்ளை வீட்டுக்காரர் யாரும் தோட்டத்துல சொந்தம் இல்லாமலா இருப்பாங்க? ஒரு சாவுக்குக்கூட அப்பா எங்கள அங்க கூட்டிட்டுப் போனதில்ல.”

நான் தோற்றுப்போனேன், ராஜ். என்னை மன்னித்துக்கொள். மேல்மாடிக்குக் கூட்டிப்போனேன். இப்போது அங்கே டியூசன் வகுப்பு நடக்கிறது. அட்டைப்பெட்டி இருந்த மூலையைக் காட்டினேன். அவர் சொன்னதைச் சொன்னேன், ஆட்கள் எழுந்து வர நேரம் கொடு என்றதை. அவள் அந்த மூலையில் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு கொஞ்சநேரம் உட்கார்ந்திருந்தாள். அஜந்தன் வந்துபோனதையும் சொல்லவேண்டி வந்தது. அதைக் கேட்டதும்தான் முகம் மாறியது. போட்டியன்று நடந்ததை நான் சொல்லவில்லை. அது உன்னுடையது.

போகும்போது என் முழங்காலுக்கு எண்ணெய் ஒன்றின் பெயர் எழுதித் தந்துவிட்டுப் போனாள். நல்ல பிள்ளை பெற்றிருக்கிறாய்.

இவ்வளவு நாளும் உனக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றினேன். அவள் முன்னால் காப்பாற்ற முடியவில்லை. கோபமென்றால் ‘திரு’ போட்டு எழுது.

மர்சூக்


கொட்டாஞ்சேனை
2025 மே 6

மர்சூக்,

ஒரு மாதமாக எழுதாததற்குக் கோபம் காரணமில்லை. வீட்டில் பேச்சு நடந்துகொண்டிருந்தது. பேச்சு என்றால் பாதி நாள் பேசாமல் இருந்தோம்.

சுகிர்தா கண்டியில் இருந்து வந்த அன்றைக்கே நானாக எல்லாவற்றையும் சொன்னேன். போட்டியன்று வாசலில் நின்று சொன்னதையும் சொன்னேன். அழுவாள் என்று நினைத்தேன். அழவில்லை. “இவ்வளவு நாளும் அம்மாவுக்குக்கூடச் சொல்லாம எப்பிடிப்பா இருந்தீங்க, ஒங்களுக்குக் களைக்கலியா?” என்று கேட்டாள். களைத்துவிட்டது என்றேன்.

இத்துடன் அழைப்பிதழ் ஒன்று வைத்திருக்கிறேன். பாட்டன் வரியை அவள்தான் எழுதினாள். ‘தப்புக் கலைஞர்’ என்று போட்டிருந்தாள். நான் ‘கலைஞரை’ அடித்துவிட்டேன். அப்பாவை உயிரோடு இருக்கும்போது ஒருத்தரும் அப்படிக் கூப்பிடவில்லை, செத்தபிறகு எதற்குப் பூச்சு? இப்போது இப்படி இருக்கிறது: ‘மடுல்கெல்ல தோட்டத்தில் தப்பு அடித்த காலஞ்சென்ற கறுப்பையா அவர்களின் பேத்தியும்.’ அச்சுக்கூடக்காரர் இரண்டு தரம் போன் எடுத்து, சரிதானா ஐயா, சரிதானா ஐயா என்று கேட்டார்.

கலாராணி அம்மா கத்தவில்லை. “நாங்க தெரிஞ்சும் பேசாம இருந்தோமே சம்பந்தி, நீங்களும் பேசாம இருந்திருக்கலாமே” என்று மட்டும் சொன்னார். பிறகு அவர்கள் பக்கத்துக்குத் தனியாக அழைப்பிதழ் அடித்துக்கொண்டார்கள். அதில் என் பெயர் இருக்கிறது, என் அப்பா பெயர் இல்லை. கல்யாணம் ஒன்று, அழைப்பிதழ் இரண்டு. அஜந்தன் இதற்கும் ஒன்றும் சொல்லவில்லை. பேசாமல் இருப்பதில் எங்கள் மருமகன் கெட்டிக்காரர். “அவரத்தான் கட்டிக்கப் போறியா?” என்று சுகிர்தாவைக் கேட்டேன். “ஒங்களோட இருந்து பழகிட்டேன்பா, பேசாத ஆளப் பேச வைக்கலாம்” என்றாள். பார்ப்போம்.

நீ மூன்றாம் தரிப்பில் பழைய கதையையே சொல்லலாம். சார்ஜனை அனுப்பிவிடு. ஆனால் ‘எங்கள் டிரம்மருடைய அப்பா’ என்று சொல்லாதே, கறுப்பையா என்று பேர் சொல்லு.

இன்னொன்று. கதையைப் பெட்டியில் அடித்துக் காட்டினதோடு நிறுத்திக் கைதட்டல் வாங்காதே. அங்கே நிறுத்தினால் அதுவும் கணக்கப்பிள்ளைக் கதைதான். அடுத்த மாதம் அவர் மூன்று பஸ் மாறி வந்தார், மகன் அவரைத் தோட்டத்து ஆள் என்று சொன்னான், அவர் மகனைக் காட்டிக்கொடுக்காமல் சாமானைத் தூக்கி வைத்துவிட்டுப் பாட்டுக் கேட்காமலே போனார் என்பதையும் சொல்லு. கேட்பவர்கள் கை தட்டமாட்டார்கள். பரவாயில்லை, சொல்லு.

ராஜலிங்கம்